மூன்று வாரமாகப் பனி இல்லை

ஜூலை 6

அண்ணிக்கு,

வந்து சேர்ந்துவிட்டேன். விடுதி அறையில் நாலு கட்டில், ஆனால் ஆள் நான் ஒருத்திதான். குளிர்சாதனப் பயிற்சியில் சேர்ந்த முப்பத்தோரு பேரில் பெண் நான் மட்டும். வகுப்பில் நான் நுழைந்ததும் ஒருவன் எழுந்து, "தையல் வகுப்பு அடுத்த கட்டிடம்" என்றான். "தைக்கிறதுக்கு எங்க வீட்ல ஆள் இருக்காங்க" என்று சொல்லிவிட்டு முதல் வரிசையில் உட்கார்ந்தேன். உங்களை வைத்துத்தான் தப்பித்தேன்.

ஒன்றை எழுதாமல் இருக்க முடியவில்லை. பேருந்து நிலையத்தில் பூனை உங்கள் தோளில் தூங்கிக்கொண்டிருந்தாள். எழுப்பி ஒரு வார்த்தை சொல்லிவிட்டு ஏறுகிறேன் என்றேன். "எழுப்பாதே, அழுவா. நீ போ, இனிமே இவ என் பிள்ளை" என்றீர்கள். சிரித்துக்கொண்டுதான் சொன்னீர்கள். வண்டி ஓடிய ஏழு மணி நேரமும் நான் அந்தச் சிரிப்பைத்தான் பார்த்துக்கொண்டு வந்தேன். பூனை என்று கூப்பிட்டாலும் இரண்டரை வயதுப் பிள்ளைதானே. கண் விழித்ததும் என்ன கேட்டாள்? நீங்கள் என்ன சொன்னீர்கள்? மறைக்காமல் எழுதுங்கள்.

அவளுக்குப் பால் குளிர்ந்திருக்க வேண்டும், தெரியும்தானே. ஃபிரிட்ஜில் பத்து நாளைக்கு ஒருமுறை பனி கட்டிக்கொள்ளும். ராத்திரியே நிறுத்திவிட்டுக் கதவைத் திறந்து வைத்தால் தானாக உருகிவிடும். கத்தி கித்தி போட்டுச் சுரண்ட வேண்டாம். என் முதல் வேலையில் நானே வாங்கியது அது, பத்திரம்.

மூன்று மாதம்தான். நடுவில் மூன்று நாள் வராமல் இருந்தால் பெயரை அடித்துவிடுவார்களாம். பெயர் போனால் நம் ஊர்ப் பால் நிலையத்தில் குளிரறைப் பராமரிப்பு வேலையும் போனது. இங்கே தொலைபேசி காப்பாளர் அறையில் ஒன்று இருக்கிறது, பூட்டுப் போட்டு. அதனால் கடிதம்தான். உங்கள் தம்பிக்கும் கப்பல் முகவரிக்கு எழுதியிருக்கிறேன். அவர் கைக்குக் கிடைக்கும்போது நான் படித்தே முடித்திருப்பேன்.

முதல் நாள் வாத்தியார் பலகையில் எழுதியது: "குளிர் என்று ஒரு பொருள் கிடையாது." சூடு மட்டும்தான் உண்டாம். ஓர் இடத்திலிருந்து சூட்டை எடுத்து இன்னோர் இடத்தில் கொட்டுகிறோம், மிச்சத்துக்குப் பெயர்தான் குளிர்.

உங்கள் தம்பி மனைவி


ஜூலை 14

தம்பி பொண்டாட்டிக்கு,

கடுதாசி வந்துச்சு. எட்டாவதோட நிறுத்தினவ நான், பேசுற மாதிரிதான் எழுத வரும். பொறுத்துக்கோ.

முழிச்சதும் என்ன கேட்டான்னு கேட்டிருக்கே. "அம்மா எங்கே"ன்னு கேட்டா. வேற என்ன, அடுத்த பஸ் எத்தனை மணிக்குன்னா கேப்பா? "அம்மா குளுகுளு பண்ணக் கத்துக்கப் போயிருக்கா"ன்னேன். விறுவிறுன்னு போய் உன் ஐஸ் பெட்டியைத் திறந்து தலையை உள்ளே விட்டுப் பார்த்தா. மூடிட்டு வந்து என் மடியில உட்கார்ந்தா. அழல. நான் சொன்னேனா இல்லையா?

ஆனா உன் பொண்ணு பண்ற அட்டகாசம் இருக்கே! நேத்து ஒரு டஜன் பொத்தானைக் காணோம். தேடித் தேடிக் கடைசியில உன் செருப்புக்குள்ள இருந்து எடுத்தேன். தையல் மிஷின் மிதியில ஏறி உட்கார்ந்து வண்டி ஓட்டுறா. மணிக்கு ஒரு தடவை அந்தப் பெட்டியைத் திறந்து வச்சுக்கிட்டு நிக்கிறா. பூனைன்னு பேர் வச்சதுக்கு வேற எப்படி இருப்பா. பனி அரை விரல் கனத்துக்கு ஏறிப்போச்சு. நாலு வாளித் தண்ணி துடைச்சேன். இடுப்பு விட்டுப்போச்சு.

அந்தப் பெட்டியும் ராவும் பகலும் உறுமிக்கிட்டே கிடக்கு. நாய் வளர்த்த மாதிரி இருக்கு, காவல் மட்டும் காக்காது.

குளிர்னு ஒண்ணு இல்லைன்னு சொல்றாரா உங்க வாத்தியார்? ஒரு தடவை அந்தப் பனிக்குள்ள கையை விட்டுட்டு வந்து சொல்லச் சொல்லு.

நல்லாச் சாப்பிடு. வகுப்புல எவனாவது வாயாடினா நீயும் ஆடு.

அண்ணி


ஜூலை 28

அண்ணிக்கு,

பொத்தான் பன்னிரண்டும் இருந்ததா? எண்ணிப் பார்த்தீர்களா? பதினொன்றாக இருந்துவிட்டு, போகட்டும் என்று விட்டிருந்தால் உடனே எழுதுங்கள். விழுங்கியிருப்பாளோ என்று எனக்கு இரண்டு நாளாகச் சாப்பாடு இறங்கவில்லை.

உங்கள் கடிதத்தைப் படிக்கும்போது நீங்கள் எதிரில் உட்கார்ந்து ஊசியில் நூல் கோத்துக்கொண்டே பேசுவது போல இருக்கிறது. குறை சொல்லுங்கள், இன்னும் சொல்லுங்கள். நீங்கள் குறை சொல்கிற வரைக்கும் எல்லாம் சரியாக இருக்கிறது என்று எனக்குத் தைரியம்.

இங்கே ஒரு ஃபிரிட்ஜை வயிறு கிழித்து வைத்திருக்கிறோம். கீழே உருண்டையாக ஒரு கம்ப்ரஸர். உறுமுவது அதுதான். அது வாயுவை அமுக்கிப் பின்பக்கக் குழாய்களுக்கு அனுப்புகிறது. அங்கே சூட்டை வெளியே விட்டுவிட்டு வாயு திரவமாகிறது. பிறகு தலைமுடி போல மெல்லிய ஒரு குழாயில் நெருக்கி நுழைந்து, பனி கட்டுகிற மேல்தட்டுக்கு வருகிறது. அங்கே இடம் கிடைத்ததும் கொதித்து மறுபடி வாயுவாகிறது. ஆமாம், குளிரிலேயே கொதிக்கிறது. கொதிக்கத் தேவையான சூட்டைப் பாலிலிருந்தும் காய்கறியிலிருந்தும் பிடுங்கிக்கொள்கிறது. மறுபடி கம்ப்ரஸருக்கு. அதே வாயு, வருடக்கணக்காக, வெளியே ஒரு மூச்சுக்கூட விடாமல் சுற்றிக்கொண்டே இருக்கிறது.

பனி எப்படி வருகிறது என்று கேட்டேன். கதவைத் திறக்கும்போது வெளிக்காற்று உள்ளே போகிறது. அதிலிருக்கும் ஈரம் குளிர்ந்த தட்டின்மேல் படிந்து உறைகிறது. எத்தனை தடவை திறக்கிறோமோ அத்தனை பனி. ஆக நீங்கள் வாளி வாளியாகத் துடைத்துக் கொட்டியதெல்லாம் பூனை அங்கே நின்றிருந்த நேரம். எனக்கு அதைக் கொட்டவேண்டாம் போல இருந்தது. சிரிக்காதீர்கள்.

உங்கள் தம்பி மனைவி


ஆகஸ்ட் 9

அன்புள்ள தம்பி மனைவிக்கு,

நலம். நலமறிய ஆவல். பொத்தான்கள் பன்னிரண்டும் உள்ளன. பூனை மிகவும் நன்றாக இருக்கிறாள். வேளைக்குச் சாப்பிடுகிறாள், வேளைக்குத் தூங்குகிறாள். தொந்தரவு எதுவும் இல்லை. பாலை இப்போது சூடாகவே குடிக்கப் பழகிவிட்டாள். மாடி வீட்டுக்காரம்மா தினமும் இரண்டு வேளை உதவி செய்கிறார். வீடு மிகவும் அமைதியாக இருக்கிறது. பனி துடைக்கும் வேலையும் இப்போது இல்லை.

ஆகவே நீ வீட்டைப் பற்றி எந்தக் கவலையும் இல்லாமல் படிக்கவும்.

இப்படிக்கு,
அண்ணி


ஆகஸ்ட் 15

அண்ணிக்கு,

அந்தக் கடிதத்தை யார் எழுதியது? கையெழுத்து உங்களுடையதுதான். ஆனால் நீங்கள் "நலமறிய ஆவல்" என்று என்றைக்கு எழுதினீர்கள்? "இப்படிக்கு" என்று போட்டிருக்கிறீர்கள். நான் ஏதோ அலுவலகத்துக்கு விண்ணப்பம் போட்டு அங்கிருந்து பதில் வந்த மாதிரி இருந்தது.

தொந்தரவு இல்லை என்கிறீர்கள். பூனைக்குத் தொந்தரவு செய்யாமல் இருக்கத் தெரியாது. சூடான பாலைக் கண்டால் கிண்ணத்தைக் கவிழ்த்து உட்காருகிறவள் ஒரே மாதத்தில் பழகிவிட்டாளா? மாடி வீட்டுக்காரம்மா எதற்கு இரண்டு வேளை வருகிறார்? உங்களுக்கும் அவருக்கும் மூன்று வருடமாகப் பேச்சே இல்லையே!

காய்ச்சலா? விழுந்துவிட்டாளா? எதுவானாலும் சொல்லுங்கள். நான் படிப்பை விட்டு ஓடிவந்துவிடுவேன் என்று நினைத்து மறைக்க வேண்டாம். மறைத்தால்தான் ஓடி வருவேன்.

பழுது பார்க்கப் போகிற இடத்தில் எப்படி விசாரிப்பது என்று இந்த வாரம் பாடம். வாத்தியார் சொன்னார்: "'நான் ஒண்ணுமே பண்ணல, தானா நின்னுபோச்சு'ன்னு எவன் சொல்றானோ, முதல்ல அவனைச் சோதி. அப்புறம் மிஷினைச் சோதிக்கலாம்." வகுப்பே சிரித்தது. என்னால் முடியவில்லை.

பூனை கையால் ஏதாவது கிறுக்கச் சொல்லி அனுப்புங்கள். தயவு செய்து.


ஆகஸ்ட் 24

தம்பி பொண்டாட்டிக்கு,

எட்டாவது படிச்சவ கொஞ்சம் ஒழுங்கா எழுதிப் பார்த்தா அதுக்கும் ஒரு விசாரணையா? நீ குளிர்பெட்டி படிக்கப் போனியா, போலீசுக்குப் படிக்கப் போனியா?

காய்ச்சலும் இல்லை, கத்திரிக்காயும் இல்லை. விழவும் இல்லை. மாடி வீட்டுக்காரிகூட நான் பேசினா உனக்கு என்ன நஷ்டம்? மனுஷங்க சண்டை போட்டா சேரக் கூடாதா?

கிறுக்கல் உள்ளே வச்சிருக்கேன். நீலப் பென்சிலு. துணியில கோடு போடுறதுதான், வேற இல்லை.

அடுத்துப் பெட்டியைப் பத்திக் கேக்க ஆரம்பிச்சுடாதே. மூணு வாரமா அதுல பனின்னு ஒரு பொட்டு இல்லை. சுரண்டுற வேலையே இல்லை. நான் ஒண்ணுமே பண்ணல. போதுமா?

பரீட்சைக்குப் படி.

அண்ணி


ஆகஸ்ட் 31

அண்ணிக்கு,

இந்தக் கடிதத்தை நாலு தடவை எழுதிக் கிழித்தேன். இது ஐந்தாவது. மரியாதை குறைந்திருந்தால் குறைந்திருக்கட்டும்.

மூன்று வாரமாகப் பனி இல்லை என்று நீங்களே எழுதிவிட்டீர்கள். அதை எழுதும்போது நான் என்ன படிக்கிறேன் என்பதை மறந்துவிட்டீர்கள். கதவு திறக்காவிட்டால் ஈரம் இல்லை. ஈரம் இல்லாவிட்டால் பனி இல்லை. மூன்று வாரமாக அந்தக் கதவை யாரும் திறக்கவில்லை. பூனை அந்த வீட்டில் இருந்தால் ஒரு நாள், ஒரே ஒரு நாள் திறக்காமல் இருப்பாளா?

பூனை வீட்டில் இல்லை.

வீடு அமைதியாக இருக்கிறது என்றீர்கள். பிள்ளை இல்லாத வீடு அமைதியாகத்தான் இருக்கும். தொந்தரவு இல்லை என்றீர்கள். நீலப் பென்சில் உங்கள் பென்சில். அந்தக் கோட்டை யார் வேண்டுமானாலும் போடலாம். எத்தனை துணியில் கண்ணை மூடிக்கொண்டு கோடு போடுகிறீர்கள் நீங்கள்.

என் பிள்ளையை எங்கே வைத்திருக்கிறீர்கள்? மாடி வீட்டில் விட்டிருக்கிறீர்களா? ஆஸ்பத்திரியிலா? இல்லை, "இனிமே இவ என் பிள்ளை" என்றீர்களே, அது சிரிப்பில்லையா? உங்களுக்குப் பிள்ளை இல்லை என்று நான் ஒரு நாளும் சொல்லிக் காட்டியதில்லை. சொல்லிக் காட்டாதவள் தலையிலா கை வைப்பீர்கள்?

செய்முறைத் தேர்வு செப்டம்பர் பதினொன்று. ஒன்பதாம் தேதி மாலைக்குள் உண்மை வராவிட்டால் அன்றைக்கே கிளம்பிவிடுவேன். வேலையும் வேண்டாம், சான்றிதழும் வேண்டாம். பையைக் கட்டி வைத்துவிட்டேன்.


செப்டம்பர் 4

அடி படிச்சவளே,

உன் கடுதாசியைப் படிச்சுட்டு மிஷின் முன்னாடி அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். தைக்கல. அப்புறம் எழுந்து போய் உன் பொண்ணைப் பிடிச்சு ஸ்டூலு மேல நிக்க வச்சு அளவெடுத்தேன். எழுதிக்கோ. நீ கிளம்புறதுக்கு முன்னாடி கவுன் தைக்கறப்போ உயரம் முப்பத்தி நாலே முக்கால். இப்போ முப்பத்தஞ்சே கால். மார்பு இருபது. தோள் எட்டரை. இந்த அளவை நான் கனவுலயா எடுத்தேன்?

நம்ப மாட்டே. தெரியும். அதான் பேட்டர்ன் வெட்டுற காகிதத்துல காலை வச்சு வரைஞ்சு உள்ளே வச்சிருக்கேன். கூச்சத்துல சுண்டுவிரலை மடக்கிக்கிட்டா, அதனால நாலு விரல்தான் வந்திருக்கு. உங்க அம்மா எண்ணிப் பார்ப்பாடி, நீட்டுன்னு சொன்னேன். நீட்டினா உன் பொண்ணா?

இப்போ உண்மை.

ஆகஸ்ட் மூணாம் தேதி பால் பாக்கெட்டு மேல்தட்டுப் பனியில ஒட்டிக்கிச்சு. இவ பக்கத்துல நின்னு "பால், பால்"னு கத்துறா. சட்டை வாங்க வந்த ஆள் வாசல்ல நிக்கிறான். கத்தி போடாதேன்னுதான் நீ எழுதியிருந்தே. கத்தரிக்கோல்னு எழுதலையேன்னு பெரிய கத்தரிக்கோலை விட்டு ஒரு நெம்பு நெம்பினேன். புஸ்ஸுனு ஒரு சத்தம். எண்ணெய் வாடை. உன் பொண்ணு கையைத் தட்டி "இன்னொரு தடவை"ங்கிறா.

சாயங்காலம் வரைக்கும் உறுமிக்கிட்டேதான் கிடந்துச்சு, ஆனா ஐஸு எல்லாம் தண்ணியா ஓடிருச்சு. பயந்து பிளக்கைப் பிடுங்கிட்டேன். அன்னிக்கோட பெட்டி செத்துச்சு. பனி எங்கேருந்து வரும்? வீடு அமைதியா இருக்குன்னு எழுதினேனே, அந்த உறுமல் நின்னதைச் சொன்னேன். பூனை சத்தம் அப்படியேதான் இருக்கு, வேணும்னா வந்து கேளு. பால் வைக்க இடமில்லாம மாடி வீட்டுக்காரி காலுல விழாத குறையா விழுந்தேன். காலையும் சாயங்காலமும் அவ ஃபிரிட்ஜுல இருந்து கொண்டுவந்து தர்றா. அவ வர்ற நேரமெல்லாம் இவ தூங்கிக்கிட்டிருப்பா, எழுந்துக்கிறதுக்குள்ள குளிர்ச்சி போயிடும், அப்புறம் காய்ச்சித்தான் கொடுக்கணும். ரெண்டு கிண்ணம் கவிழ்த்தா. மூணாவதைக் குடிச்சா.

ஏன் மறைச்சேன்னு கேப்பே. நீ முதல் வேலைச் சம்பளத்துல வாங்கினது. அதை நாயின்னு திட்டினவளும் நான், குத்தினவளும் நான். அது ஒண்ணு. இன்னொண்ணு, இதை எழுத எனக்குப் பிடிக்கல, இருந்தாலும் எழுதறேன். ஒரு இரும்புப் பெட்டியைக்கூட இவளை நம்பி விட முடியல, பிள்ளையை எப்படி விடுறதுன்னு நீ நினைச்சுடுவே. நினைச்சு வந்து தூக்கிட்டுப் போயிடுவே. அந்த பயம். நீ என்னைத் திருடின்னு நினைச்சே. நான் நீ பிடுங்கிட்டுப் போயிடுவேன்னு நினைச்சேன். ரெண்டு பேரும் நல்லாப் படிச்சோம்.

கடைசியா ஒண்ணு. கதவை யாரும் திறக்கறது இல்லைன்னு எழுதியிருக்கே. ஒரு நாளைக்கு இருபது தடவை திறக்கிறா. காலையில எழுந்ததும் முதல் வேலை அதுதான். கையை உள்ளே விட்டுப் பார்ப்பா. "அம்மா இன்னும் வரல"ன்னு சொல்லி மூடிட்டு வருவா. குளுகுளு பண்ணத்தானே போயிருக்கே, நீ வந்தா அது குளுந்துரும்னு நினைச்சுக்கிட்டிருக்கா. நான் இல்லைன்னு சொல்லல.

பையை அவிழ்த்து வை. பரீட்சையை எழுது.

அண்ணி


செப்டம்பர் 12

அண்ணிக்கு,

உங்கள் கடிதம் ஒன்பதாம் தேதி மாலை நாலு மணிக்கு வந்தது. நான் ஐந்தரை மணி வண்டிக்குச் சீட்டு வாங்கியிருந்தேன். கால் படத்தைக் கட்டில்மேல் விரித்து என் உள்ளங்கையை அதன்மேல் வைத்துப் பார்த்தேன். வண்டி போய்விட்டது.

நான் எழுதிய ஒரு வரியை நீங்கள் உங்கள் கடிதத்தில் தொடவே இல்லை. உங்களுக்குப் பிள்ளை இல்லாததைப் பற்றிய வரி. தொடாமல் விட்டீர்கள் என்பதைப் படித்தபோதே தெரிந்துகொண்டேன். அதற்கு மன்னிப்பு என்று ஒரு வார்த்தை எழுதிப் பார்த்தேன், போதவில்லை. நேரில் வந்து உங்கள் எதிரில் உட்காருகிறேன். திட்டுங்கள்.

நேற்று தேர்வில் எனக்கு ஒரு ஃபிரிட்ஜ் கொடுத்தார்கள். கம்ப்ரஸர் ஓடுகிறது, குளிர்ச்சி இல்லை, பனி இல்லை. தேர்வாளர் கேட்டார்: "முதல்ல என்ன பண்ணுவே?" பனி இல்லாததற்கு இரண்டு காரணம் உண்டு: ஈரம் வராமல் இருக்கலாம், அல்லது குளிர்ச்சியே இல்லாமல் இருக்கலாம். ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டு முடிவு கட்டக் கூடாது என்றேன். "யார்கிட்ட கத்துக்கிட்டே?" என்றார். "வீட்ல" என்றேன். பிறகு மேல்தட்டில் சோப்பு நுரையைத் தடவி விட்டுக் காத்திருந்தேன். ஓரிடத்தில் ஊசி முனையளவு ஒரு குமிழ் ஊதிக்கொண்டு வந்தது. அதைப் பார்த்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது. தேறிவிட்டேன் என்பதால் அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டார்கள். தேறியும் விட்டேன்.

பெட்டியை யாரிடமும் காட்ட வேண்டாம். ஓட்டையை அடைத்து, உள்ளே புகுந்த காற்றையும் ஈரத்தையும் உறிஞ்சி எடுத்து, புது வாயு நிரப்ப எனக்கு ஒரு நாள் போதும். ஆனால் அந்த ஒரு நாள்தான் சிக்கல். சான்றிதழ் வாங்கிக்கொண்டு நான் இருபத்தேழாம் தேதி காலை ஏழு மணிக்கு வீட்டுக்கு வருவேன். பூனை என்னைப் பார்த்ததும் எங்கே ஓடுவாள் என்று உங்களுக்குத் தெரியும், எனக்கும் இப்போது தெரியும்.

அதனால் இப்படிச் செய்யுங்கள். அன்று விடியற்காலையில் மீன் சந்தையில் பெரிய ஐஸ் கட்டி ஒன்று வாங்கி, பிளாஸ்டிக் தொட்டியில் போட்டு, மேல்தட்டுக்கு நேர் கீழே வையுங்கள். மேலே இருந்து பார்த்தால் தெரியாதபடி ஒரு துணி போர்த்துங்கள், உங்களிடம் இல்லாத துணியா. குளிர்ச்சியைக் கூட்டிக் குறைக்கிற குமிழைத் திருகிப் பூஜ்யத்தில் நிறுத்திவிட்டு பிளக்கைச் செருகுங்கள். கம்ப்ரஸர் ஓடாது, விளக்கு மட்டும் எரியும். அவள் எழும்வரை கதவைத் திறக்காதீர்கள்.

உண்மை, உண்மை என்று இரண்டு மாதம் உங்கள் உயிரை எடுத்தேன். இது பொய்தான். அந்த ஒரு காலைக்கு மட்டும் எனக்காகச் சொல்லுங்கள். அவள் கையை உள்ளே விடும்போது குளிர வேண்டும்.

சுண்டுவிரலை நீட்டச் சொல்ல வேண்டாம். நானே வந்து எண்ணிக்கொள்கிறேன்.

உங்கள் தம்பி மனைவி